அப்பா புகார் எழுதிய நாவல்

புத்தகத்துக்கு அட்டை போடுவதில் என் அப்பாவுக்கு இருந்த வெறியை ஆக்லாந்தில் யாருக்கும் சொல்லிப் புரியவைக்க முடியாது. ஊருக்குப் போய்த் திரும்பும்போது ஏர்போர்ட்டில் தின்பண்டம் தேடிப் பெட்டியைத் திறக்கும் அதிகாரி, உள்ளே பிரவுன் ஷீட் சுருளைக் கண்டு ஒருமுறை அதையும் ஒருமுறை அப்பாவையும் பார்ப்பார். இங்கே விற்கும் தாள் சரியாக மடியாது என்பது அப்பாவின் கட்சி. நாங்கள் இருந்த பாட்டனி டவுன்ஸ் பகுதிப் பள்ளிக்கூடத்தில், என் வகுப்பில் பிரவுன் ஷீட்டும் லேபிளுமாகப் புத்தகம் கொண்டுபோன ஒரே ஜீவன் நான்தான். பள்ளிக்கூடம் இரவல் கொடுத்த புத்தகங்களைக்கூட அவர் விட்டுவைக்கவில்லை.

எனக்கு அப்போது பதினாலு வயது. ஆங்கில டீச்சர் எங்களுக்கு இரண்டு நாவல்கள் கொடுத்தார். ஒன்று இருநூறு வருஷத்துப் பழையது, மாளிகையில் வளர்ந்த ஒருத்தியின் கதை. மற்றது எங்கள் வயதுப் பிள்ளைகளுக்கென்றே எழுதிய புதியது. அதன் நாயகி மீன் பொரித்து விற்கும் கடையில் வேலை பார்க்கிறாள். இரண்டிலும் முடிச்சு ஒன்றுதான். அப்பா கிழித்த கோட்டைத் தாண்டி ஒரு மகள் வீட்டை விட்டுப் போகிறாள். முதலில் மீன்கடைப் பெண்ணோடு பழகிவிடுங்கள், பிறகு மாளிகைப் பெண் அந்நியமாக இருக்கமாட்டாள் என்பது டீச்சரின் வழி. அதுவரை வகுப்பில் வாயே திறக்காத நான், மீன்கடைப் பெண்ணுக்காக ஒரு பீரியட் முழுக்கச் சண்டை போட்டேன். அந்த வகுப்புக்காகவே பள்ளிக்கூடம் போனேன் என்றால் மிகையில்லை.

அப்பா இரண்டுக்கும் அட்டை போட்டார். லேபிளில் நாவலின் பெயரையா எழுதுவார்? தான் தமிழ்நாட்டில் எழுதிய பரீட்சை ஞாபகத்தில், ஒன்றில் 'ஆங்கிலம் I' என்றும் மற்றதில் 'ஆங்கிலம் II' என்றும் எழுதி ஒட்டினார். பழையது இரண்டாகிப்போனது. பையில் முதலில் கைக்குக் கிடைத்தது எதுவோ அது ஒன்று, அவ்வளவுதான் கணக்கு.

அப்பாவுக்குத் துறைமுகப் பாலத்துக்கு அந்தப் பக்கம், ஆல்பனியில் வேலை. காரில் கூட வரும் யாழ்ப்பாணத்து மாமாவின் மகளும் என் பள்ளிக்கூடம்தான். ஒருநாள் பாலத்து நெரிசலில் மாமா சாவகாசமாகப் பற்றவைத்திருக்கிறார்: "ஓம், இப்ப பிள்ளையளுக்கு மீன்கடைக்காரி வீட்டை விட்டு ஓடுற கதையளைத்தான் படிப்பிக்கினம்."

அன்று மாலை வீட்டுக்குள் நுழையும்போதே அப்பா குதித்தார். "பழைய இலக்கியத்த ஒழுங்கா நடத்தச் சொன்னா, மீன்கடைக் கதைய நடத்துறாங்களாம்! இந்த வகுப்பே வேணாம். மாத்திக் குடுன்னு எழுதுறேன்."

"படிக்காமலே திட்டாதீங்க. ஒரு வாட்டி படிச்சுட்டுத் திட்டுங்க" என்றார் அம்மா. அம்மா சமாதானத்துக்குச் சொன்னதை அப்பா சவாலாக எடுத்துக்கொண்டார். என் பையிலிருந்து ஒரு புத்தகத்தை உருவிக்கொண்டு போனார். வேறு வகுப்புக்குத் துரத்தப்போகிறார்கள் என்ற துக்கத்தில், அவர் எதை எடுத்தார் என்றுகூட நான் பார்க்கவில்லை.

அவர் எடுத்தது 'ஆங்கிலம் II', அதாவது பழைய நாவல். அவர் படித்த பள்ளிக்கூடத்தில் கதைப் புத்தகம் என்றால் நான்-டீடெயில். நான்-டீடெயில் என்றால் இரண்டாம் தாள். ஆகவே சந்தேகமே வரவில்லை. மகள் வீட்டை விட்டுப் போகிறாள், மாமா சொன்னதும் அதுதானே? மீனைக் காணோமே, குதிரை வண்டி வருகிறதே என்றாவது யோசித்திருக்கலாம். அந்தக் காலம் மாதிரி எழுதுவது இப்போது ஃபேஷன் போலிருக்கிறது என்று அம்மாவிடம் சொல்லியிருக்கிறார். வாக்கியத்துக்கு இரண்டு சொல் புரியாமல் போனதையும் நவீனத்தின் கணக்கிலேயே சேர்த்துவிட்டார். இரண்டு வாரம் அகராதியும் கையுமாக உட்கார்ந்து முக்கால்வாசி படித்து, ஆட்சேபகரமான இடங்களில் மஞ்சள் சீட்டு ஒட்டி, பக்க எண்களோடு பள்ளிக்கூடத்துக்கு ஒரு நீண்ட மின்னஞ்சலும் அனுப்பினார். டீச்சர் அப்பாவையும் என்னையும் வரச்சொன்னார்.

பள்ளிக்கூட ஹாலில் மேசை மேசையாகப் பெற்றோர்கள். அடுத்த மேசையில் என் வகுப்புப் பையன் ஒருவன். அப்பா புத்தகத்தை மேசைமேல் வைத்தார். லேபிளைப் பார்த்தேன். 'ஆங்கிலம் II'. பழையது. சொன்னால் அப்பாவின் மானம் போகும். சொல்லாவிட்டால் என் வகுப்பு போகும். நான் கார்ப்பெட்டைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன்.

டீச்சர் முதல் பக்கத்தைப் புரட்டினார், என்னைப் பார்த்தார். இந்தக் கதையில் வரும் அப்பாவைப் பற்றி என்ன நினைக்கிறீர்கள் என்று மட்டும் கேட்டார். அப்பா பிடித்துக்கொண்டார். "மேடம், திஸ் ஃபாதர் இஸ் நாட் எ பேட் மேன்" என்று ஆரம்பித்தவர் பத்து நிமிஷம் நிறுத்தவில்லை. அவனுக்குப் பேசத் தெரியவில்லை, அவ்வளவுதான்; அவள் ஒரு வார்த்தை கேட்டிருக்கலாம்; அந்த மனிதன் வாசல் விளக்கை அணைக்காமல் விட்டது இவளுக்கு எப்படித் தெரியும்? அடுத்த மேசைப் பையன் திரும்பிப் பார்த்தான். எனக்குச் செத்துவிடலாம் போலிருந்தது.

அவர் ஓய்ந்ததும் டீச்சர், நாவல் முதன்முதல் அச்சான ஆண்டின் மேல் மெதுவாக விரலை வைத்தார். அப்பா கண்ணாடியைக் கழற்றித் துடைத்துப் போட்டுக்கொண்டு மறுபடி பார்த்தார். "ஸாரி, மேடம்" என்றார். இந்த நாவலை இவ்வளவு கவனமாகப் படித்த பெற்றோர் தனக்கு வாய்த்ததே இல்லை என்று டீச்சர் சொன்னதில் கேலி துளியும் இல்லை. என்னை அதே வகுப்பில் இருக்கவிடும்படி அப்பாவே கேட்டுக்கொண்டார்.

நான் சந்தோஷப்பட்டிருக்க வேண்டும். காரில் ஏறியபோது எனக்குள் எரிச்சல்தான் புகைந்துகொண்டிருந்தது. அட்டையைக் கண்டுபிடித்தவன்மேல், மாமாமேல், எல்லோருக்கும் மேலாக அப்பாமேல். நாளைக்கு அந்தப் பையன் வகுப்பு முழுக்கச் சொல்லிச் சிரிப்பான்.

இரண்டு சிக்னல் தாண்டிய பிறகு அப்பா கேட்டார்: "ஏம்மா, அந்தப் பொண்ணு கடைசில திரும்பி வர்றாளா?"

உண்மையில் நான் பழைய நாவலில் நாற்பது பக்கம்கூடத் தாண்டவில்லை. எனக்குத் தெரிந்ததெல்லாம் மீன்கடைப் பெண்ணின் முடிவு. அவள் பஸ் ஏறிப் போனவள், போனவள்தான். கையில் இருந்த அந்த முடிவை எடுத்து அப்பாமேல் எறிந்தேன்.

"நோ, டாட். ஷி டஸின்ட்."

"அப்பாவப் பார்க்கக்கூட வரலயா?"

"நோ!" என்று கத்திவிட்டு ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டேன்.

மறுநாள் காலை புத்தகம் என் மேசையில் இருந்தது. மஞ்சள் சீட்டுகளை எல்லாம் உரித்து எடுத்திருந்தார். மிச்சத்தைப் படிக்கவில்லை.

இப்போது நானும் ஆங்கில டீச்சர்தான், வேறொரு பள்ளிக்கூடத்தில். அதே இரண்டு நாவல்களையும் என் வகுப்புப் பிள்ளைகளுக்குக் கொடுக்கிறேன். பழையதின் கடைசி அத்தியாயத்தில் மகள் திரும்பி வருகிறாள். வாசலில் நின்றபடி அப்பாவோடு அரைப் பக்கத்துக்கு வானிலையைப் பற்றித்தான் பேசுகிறாள். வகுப்பில் அந்த இடத்தைச் சத்தமாகப் படிக்க என்னால் முடிவதில்லை. யாராவது ஒரு பிள்ளையைப் படிக்கச் சொல்லிவிடுகிறேன். பதினாலு வயதில் நான் வீட்டில் கேட்டதற்கு மட்டும் பதில் சொல்லிக்கொண்டிருந்தேன், அதுவும் ஆங்கிலத்தில். அன்று காரில் அப்பா கேட்டது அந்த நாவலைப் பற்றித்தான் என்று நினைத்தேன்.