கொளஞ்சியம்மாள் வூட்டு டீ

தண்ணீர் கொதித்து மேலெழும்வரை கொளஞ்சியம்மாள் யாருக்கும் பதில் சொல்லமாட்டாள். வாசலில் கேஸ்காரர் கூப்பிட்டாலும், கணவர் சிங்காரவேல் வண்டிச் சாவியைக் காணோம் என்று வீட்டைப் புரட்டிப் போட்டாலும் அவள் பார்வை பாத்திரத்தை விட்டு நகராது. கடுகளவு குமிழி கிளம்பும்போது தட்டிய சுக்கு விழும். குமிழி பெருத்து ஓரத்தை முட்டும்போது மிளகு, கிராம்பு, ஒரு துண்டு பட்டை. தளதளவென்று கொதி வந்ததும் தோலோடு நசுக்கிய ஏலக்காய். டீத்தூள் மட்டும் அடுப்பை அணைத்த பிறகுதான். "தூளப் போட்டுக் கொதிக்க வுட்டா அது டீ இல்ல, சாயம்" என்பாள். பிறகு ஒரு தட்டால் மூடி, வெல்லத்தை உடைக்கப் போய்விடுவாள்.

பால் கிடையாது. மாப்பிள்ளை வீட்டார் வந்தாலும் கிடையாது. பால் வேண்டுமென்று கேட்டவர்களுக்குத் தெருமுனைக் கடையை மரியாதையாகவே காட்டியிருக்கிறாள். பால் ஊற்றினால் டீயின் முகம் மறைந்துபோகும் என்பது அவள் கட்சி. இந்தப் பக்குவம் மங்கலம்பேட்டையில் ஒரு கல்யாண வீட்டில் பார்த்துக்கொண்டது. வளைகுடாவிலிருந்து வந்திருந்தவர்கள் அதைச் சுலைமானி என்றார்கள், எலுமிச்சை பிழிந்தார்கள். கொளஞ்சியம்மாள் எலுமிச்சையையும் பெயரையும் அங்கேயே விட்டுவிட்டு, மிளகைக் கூட்டிக்கொண்டு விருத்தாசலம் திரும்பினாள். அவளுக்கு அது பால் சேராத வெறும் 'வர டீ'. ஏலக்காய் வாங்க மட்டும் இன்றும் மங்கலம்பேட்டைக்குப் பஸ் ஏறுவாள். உள்ளூர் ஏலக்காய் மோந்து பார்ப்பதற்குள் வாசம் தீர்ந்துவிடுகிறதாம்.

வயது நாற்பத்தேழு. பீங்கான் பட்டறை ஒன்றில் பத்தொன்பது வருடமாக வேலை. மின்சாரப் பெட்டிகளில் செருகும் பியூஸ் கட்டைகள் அச்சிலிருந்து வந்து காய்ந்ததும், அவற்றின் ஓரத்துப் பிசிரைத் தகட்டால் சுரண்டி, உப்புத்தாள் வைத்துத் தேய்த்து வழவழப்பாக்குவது அவள் பிரிவு. ஒன்பது பெண்கள். மாலை ஐந்தரைக்கு வெளியே வரும்போது ஒன்பது பேருக்கும் பீங்கான் மாவு படிந்து இமைமயிர் வெளுத்திருக்கும். யார் வீட்டுக்குப் போனாலும், எதில் குடிக்கக் கொடுத்தாலும், முதலில் நகத்தால் ஒரு சுண்டு சுண்டிக் காதைக் கொடுப்பது அவள் வழக்கம். கீறல் இருந்தால் ஓசை சொல்லிவிடும். சம்பந்தி வீட்டில் வெள்ளி டம்ளரைச் சுண்டிப் பார்த்ததை மகள் இன்னும் மன்னிக்கவில்லை.

பட்டறையில் ஆண்கள் பதினொரு மணிக்கு ரோட்டைத் தாண்டிப் போய் டீ குடித்துவிட்டு வருவார்கள். பெண்கள் போய் வரப் பத்து நிமிடம் போதாது. அதனால் கொளஞ்சியம்மாள் வீட்டிலிருந்தே ஒரு பெரிய பிளாஸ்க்கில் டீ கொண்டுபோனாள். ஒன்பது பேரும் சுவரோரம் குந்தி, புடவைத் தலைப்பை உதறிவிட்டு, ஆளுக்கு அரை டம்ளர் குடித்தார்கள். மிளகின் காரம் தொண்டையில் படிந்த மாவைக் கரைத்துக்கொண்டு போவதுபோல இருக்கும். ஒருநாள் அந்த வழியாக வந்த மேலாளர் ஆதிநாராயணனும் ஒரு டம்ளர் வாங்கிக் குடித்தார். கடைசி மடக்கில் கண்ணை மூடிக்கொண்டார். அதற்குப் பிறகு வாரத்தில் இரண்டு நாளாவது அந்தச் சுவரோரம் அவருக்கு ஏதாவது வேலை இருந்தது.

அருக்காணியின் இருமல் போன வருடம் தை மாதத்தில் பெரிதானது. கொளஞ்சியம்மாளைவிட நான்கு வயது மூத்தவள். ஒன்பது பேரில் பக்கத்துப் பலகை அவளுடையதுதான். முதலில் காலையில் மட்டும் இருமினாள். பிறகு மாடிப்படி ஏறினால் இருமினாள். பிறகு சிரித்தால் இருமினாள், அதனால் சிரிப்பதை விட்டுவிட்டாள். வேறு இரண்டு பேருக்கும் மூச்சு இளைத்தது. கொளஞ்சியம்மாள் மேலாளர் அறைக்குப் போய், ஒன்பது பேருக்கும் நெஞ்சைப் படம் எடுத்துப் பார்க்கவேண்டும், தூசியை இழுத்து வெளியே தள்ளுகிற விசிறி வேண்டும் என்று கேட்டாள். ஆதிநாராயணன் கெட்டவர் என்று யாரும் சொல்லமாட்டார்கள். பள்ளி திறக்கும்போது தொழிலாளர் பிள்ளைகளுக்கு நோட்டு வாங்கித் தருபவர். பனிக்காலத்தில் எல்லோருக்கும்தான் இருமுகிறது, முதலாளியிடம் பேசுகிறேன் என்று அனுப்பிவைத்தார்.

பேசியும் விட்டார். மறுவாரம் எல்லோரையும் சூளைக்கு முன்னால் கூட்டி, நல்ல சேதி என்று தொடங்கினார். இனிமேல் சுக்கு, மிளகு, ஏலக்காய், வெல்லம் எல்லாம் கம்பெனியே வாங்கித் தரும். கொளஞ்சியம்மாள் தினமும் காலையில் ஒரு மணி நேரம் சுரண்டுகிற வேலையை விட்டுவிட்டு, மொத்தப் பேருக்கும் அந்த டீயைப் போடலாம். அதற்கு அடுப்பும் தனி அறையும் உண்டு. அவள் கைப்பக்குவத்துக்கு எந்தச் சளியும் நிற்காது, படம் எடுக்கிற அலைச்சலெல்லாம் எதற்கு என்று முடித்தார். கூட்டம் கைதட்டியது.

கொளஞ்சியம்மாளுக்கு மனசு குளிர்ந்துதான் போயிற்று. அதை அவள் இன்றும் மறைப்பதில்லை. பத்தொன்பது வருடத்தில் அவள் பெயரைச் சொல்லி அங்கே யாரும் கைதட்டியது கிடையாது. பக்கத்தில் அருக்காணியும் தட்டினாள். தட்டிய வேகத்தில் இருமல் பிடித்துக்கொண்டது. கை இரண்டும் மார்புக்குப் போயின. கைதட்டல் ஓய்ந்த பிறகும் அந்த இருமல் ஓயவில்லை. அதைக் கேட்டுக்கொண்டே நின்ற கொளஞ்சியம்மாளுக்கு, தன் டீயை யாரோ பிடுங்கி அருக்காணியின் வாயில் அடைப்பது போலத் தோன்றியது.

"சார், நான் போடுறது டீ. மருந்து இல்ல" என்றாள். "நெஞ்சுல மாவு ஒறஞ்சி கெடந்தா அத ஏலக்காயா வந்து எடுக்கும்? படம் எடுக்காதவரைக்கும் இந்தக் கம்பெனிக்குள்ளாற என் டீ ஒரு சொட்டு எறங்காது. வேணுங்கிறவங்க என் வூட்டுக்கு வந்து குடிங்க."

பிளாஸ்க் மறுநாளிலிருந்து வரவில்லை. முதல் வாரம் பெண்களே அவள்மேல் சலித்துக்கொண்டார்கள். தனி அறையும் அடுப்பும் தேடி வந்தும் உதைத்துத் தள்ளிவிட்டாளே, இருந்த அரை டம்ளரும் போயிற்றே என்று முனகினார்கள். அவள் வாதாடவில்லை. பதினொரு மணிக்குச் சுவரோரம் குந்திப் பச்சைத் தண்ணீர் குடித்தாள். எட்டாவது நாள் காலை ஆறரை மணிக்கு அருக்காணி கொளஞ்சியம்மாள் வீட்டுப் படியில் வந்து நின்றாள். வேலைக்குப் போகிற வழிதானே என்றாள். அது வழியே இல்லை என்பது இருவருக்கும் தெரியும். அடுத்த நாள் அவளோடு அதே பிரிவு வேல்விழியும் வந்தாள். மாசி முடிவதற்குள் ஒன்பது பேரும் அந்தச் சின்ன அடுப்படியிலும் கூடத்திலுமாக உட்கார்ந்து குடித்துவிட்டு வேலைக்குப் போனார்கள். பட்டறையில் பத்து நிமிடத்தில் பேசமுடியாததை இங்கே முக்கால் மணி நேரம் பேசமுடிந்தது. யாருக்கு எப்போதிலிருந்து இருமுகிறது, வேலையை விட்டு நின்றவர்கள் ஏன் நின்றார்கள் என்று ஒவ்வொன்றாக வெளியே வந்தது.

ஒன்பது பேரில் இளையவள் சுபாஷினி, காலேஜ் முடித்தவள். தொழிற்சாலை ஆய்வாளருக்கு மனு எழுதலாம் என்றாள். பெண்கள் பயந்தார்கள். மணவாளநல்லூர் கொளஞ்சியப்பரிடம் சீட்டில் எழுதிப் பிராது கட்டிவிடலாம், அவர் கட்டாயம் கேட்பார் என்றாள் வேல்விழி. அந்தச் சாமியின் பெயரைச் சுமப்பவள் வெல்லம் உடைப்பதை நிறுத்தவில்லை.

"அவருக்கும் கட்டுவோம்டி. ஆனா அவுருக்குப் படம் எடுக்குற மிஷினு இல்ல. மொதல்ல மிஷினுல எடுக்கச் சொல்ற ஆபீசருக்கு எழுது."

மனு போன நான்காம் நாள் கொளஞ்சியம்மாளைப் பொட்டலம் கட்டும் பிரிவுக்கு மாற்றினார்கள். அட்டைப் பெட்டிகளுக்கு நடுவில், பேச்சுத்துணைக்கு ஆளில்லாத ஒரு மூலை. இங்கே தூசி குறைவுதானே, உனக்கு நல்லதுதானே செய்திருக்கிறோம் என்றார் ஆதிநாராயணன். சிங்காரவேல் அதே பட்டறைக்குக் களிமண் ஏற்றிவரும் வண்டி ஓட்டுபவர். அவருக்கு வரும் நடை பாதியானது. அவர் சண்டைக்காரர் அல்ல. குரல் உயர்ந்தால் தானே எழுந்துபோய்த் திண்ணையில் உட்காருகிற மனிதர். அன்று ராத்திரிச் சாப்பாட்டில் கை வைத்தவர் எடுத்துவிட்டு, ஊரில் எல்லோருக்கும் இருமுகிறது, உனக்கு மட்டும் ஏன் பொத்துக்கொண்டு வருகிறது என்று கேட்டார். தனக்கு இன்னும் இருமல் வரவில்லை, அதனால்தான் பேசமுடிகிறது என்றாள் அவள். வந்துவிட்டால் அருக்காணி மாதிரி கையால் மாரைப் பிடித்துக்கொண்டு நிற்கவேண்டியதுதான் என்றாள். சிங்காரவேல் தட்டை இழுத்துச் சாப்பிட்டு முடித்தார். மறுநாள் காலை பெண்கள் வந்தபோது அவர் குழாயடியில் உட்கார்ந்து டம்ளர்களைக் கழுவிக்கொண்டிருந்தார். அதைப் பற்றி வீட்டில் இதுவரை யாரும் பேசியதில்லை.

ஆய்வாளர் வருகிற வழியாகத் தெரியவில்லை. பங்குனி வெயில் ஏறிவிட்டது. ஒரு செவ்வாய்க்கிழமை ஒன்பது பெண்களும் சேர்ந்து லீவு போட்டார்கள். டீ குடித்துவிட்டு நேராக அரசு மருத்துவமனைக்கு நடந்தார்கள். ஒன்பது சீட்டு, ஒரே வேலை, ஒரே படம். வரிசையைப் பார்த்த டாக்டர், எந்தப் பட்டறை என்று கேட்டுத் தனியாகக் குறித்துக்கொண்டார். அன்று சுரண்டுகிற பிரிவில் ஒரு கட்டைகூட நகரவில்லை. சூளைக்கு ஏற்றுவதற்குச் சரக்கில்லாமல் ஆண்கள் பீடி குடித்துக்கொண்டு நின்றார்களாம்.

ஆறு பேர் நெஞ்சு சுத்தமாக இருந்தது. கொளஞ்சியம்மாளுடையதும். இரண்டு பேருக்கு லேசான நிழல். அருக்காணியின் படத்தை டாக்டர் வெளிச்சத்தில் பிடித்துக் காட்டியபோது, இரண்டு பக்கமும் ரவையைத் தூவிவிட்டது போல இருந்தது. காசநோய் இல்லை, உள்ளே படிந்த தூசி, இனி அந்த வேலை கூடாது என்று சொல்லிக் கடலூர் பெரிய ஆஸ்பத்திரிக்கு எழுதிக் கொடுத்தார். அருக்காணி அழவில்லை. மூன்று மாதமாகத் தன்னை நடிக்கிறாள் என்று சொன்னவர்களின் பெயர்களை வரிசையாகச் சொல்லிக்கொண்டே பஸ் ஸ்டாண்டுவரை நடந்தாள். கொளஞ்சியம்மாள் ஒவ்வொரு பெயருக்கும் "ம்" போட்டுக்கொண்டு கூடவே போனாள்.

அந்தப் படங்களின் நகலோடு இரண்டாவது மனு போனது. இந்தத் தடவை ஆய்வாளர் வந்தார். ஆடி பிறப்பதற்குள் சுவரைத் துளைத்து மூன்று பெரிய விசிறிகள் மாட்டினார்கள். உலர்ந்த கட்டையைச் சுரண்டாமல், ஈரத்தோடு பஞ்சால் துடைத்து வழவழப்பாக்கும் முறை வந்தது. வேலை சற்று மெதுவாகத்தான் நடக்கிறது. ஆனால் ஐந்தரைக்கு வெளியே வருகிறவர்களின் இமை கறுப்பாகவே இருக்கிறது. கொளஞ்சியம்மாள் மட்டும் இன்னும் பொட்டலம் கட்டுகிறாள். அருக்காணிக்கு வேலை இல்லை. அவள் நோய்க்குக் கம்பெனிதான் பொறுப்பு என்ற வழக்கு தொழிலாளர் அலுவலகத்தில் நடக்கிறது. ஆனாலும் காலை ஆறரைக்கு அவள் வரத் தவறுவதில்லை. அரை டம்ளரை அரை மணி நேரம் குடிக்கிறாள்.

போன வாரம் அந்த நேரத்துக்கு ஆதிநாராயணன் வந்துவிட்டார். கூடத்தில் இருந்த பெண்கள் எழுந்து வழிவிட்டார்கள். கொளஞ்சியம்மாள் நாற்காலியைத் துடைத்துப் போட்டு, டீ இறங்கப் போகிறது, குடித்துவிட்டுத்தான் போகவேண்டும் என்றாள். அவருக்கு ஒரு கோப்பையையும் எடுத்துவைத்து, அதன் மேல் வடிகட்டியைப் பொருத்தினாள். அவர் சட்டைப்பையிலிருந்து காகிதங்களை எடுத்தார். தட்டச்சு செய்த ஒரே வாசகம், அசல் ஒன்று, நகல் ஒன்று. சுரண்டும் பிரிவில் தூசியால் யாருக்கும் எந்தக் கெடுதலும் வந்ததில்லை, அருக்காணிக்கு வேலைக்குச் சேருமுன்பே இருமல் இருந்தது, இது உடன் வேலை செய்த என் வாக்குமூலம் என்று அதில் இருந்தது. கையெழுத்துப் போட்டால் மறுநாளே பிரிவுக்கு மேற்பார்வையாளராகத் திரும்பலாம், சிங்காரவேலுக்கும் பழையபடி நடை கிடைக்கும் என்றார். குரலைத் தாழ்த்தித்தான் சொன்னார், கூடத்துச் சுவரோரம் அருக்காணி உட்கார்ந்திருந்ததால்.

"நல்லா யோசிச்சிக்க கொளஞ்சி. உன் நல்லதுக்குத்தான் நானே வூடு தேடி வந்திருக்கேன்."

கொளஞ்சியம்மாள் காகிதங்களை வாங்கிக்கொண்டாள். எழுத்துக்கூட்டி, உதடு அசைய, கடைசி வரி வரை படித்தாள். அவர் பேனாவைத் திறந்து நீட்டினார். அவள் அசலை நாலாக மடித்தாள். நகலையும் நாலாக மடித்தாள். பிடிதுணிக்குப் பதிலாக இடது கைக்கு ஒன்று, வலது கைக்கு ஒன்றாக வைத்து, ஆவி பறக்கிற பாத்திரத்தின் விளிம்பை இரண்டு பக்கமும் பிடித்துத் தூக்கிவந்து, ஒரு சொட்டுச் சிந்தாமல் அவர் கோப்பையில் டீயை வடித்தாள்.