துபாய் வழியாக வந்த கட்டிங் பிளேயர்

போன வாரம் ஒருவர் கடைக்கு வந்தார். கட்டிங் பிளேயர் கேட்டார், கொடுத்தேன். அதைத் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டு, பையிலிருந்து போனை எடுத்து என் மூக்குக்கு நேரே நீட்டினார். "இதே சாமான் இதுல அறுவது ரூபா கம்மியா போட்டுருக்கான், பாருங்க." இதே சாமான் என்று இவருக்கு எப்படித் தெரியும்? படத்தைக் கையில் பிடித்துப் பார்த்தாரா? "அப்ப அந்தப் போனுக்குள்ளயே கைய வுட்டு எடுத்துக்குங்க" என்று சொல்ல நாக்கு துடித்தது. கடையில் உட்காருகிறவர்களுக்கு நாக்கு அடங்கியிருக்க வேண்டும் என்பார் என்னைப் பெற்ற அத்தா. எனக்கு அடங்கவில்லை, சொல்லிவிட்டேன். அவரும் போய்விட்டார்.

விலை பேசுகிறவர்கள் மேல் எனக்குக் கோபமில்லை. பேசட்டும், அதற்குத்தானே கடை. ஒரே சாமானை, அது வந்த வழியைப் பார்த்து ஒரு இடத்தில் குப்பை என்றும் இன்னொரு இடத்தில் தங்கம் என்றும் சொல்கிறார்களே, அவர்களைக் கண்டால்தான் எனக்குப் பற்றிக்கொண்டு வரும். நான் ஆறாம் வகுப்பு படிக்கும்போது பிடித்த கோபம் அது. பிடிக்க வைத்தவர் என் அம்மாவின் அண்ணன், பெரிய மாமா.

அத்தாவின் கடை அப்போதும் இதே இடத்தில், பெரம்பலூர் பஸ் ஸ்டாண்டுக்குப் பக்கத்தில்தான் இருந்தது. வீடு லெப்பைக்குடிகாட்டில். பெரம்பலூரிலேயே படித்ததால், பள்ளிக்கூடம் விட்டதும் கடைக்கு வந்து, சாயங்காலம் அத்தாவோடு பஸ் ஏறுவேன். ஸ்பேனர், சுத்தியல், திருப்புளி எல்லாமே அப்போது பஞ்சாப் சாமான்தான். ஆலத்தியூர் சிமெண்ட் ஆலை ஃபிட்டர்கள் ஒருமுறை வாங்கிப் போனால் அடுத்த ஸ்பேனருக்கு அவர்கள் மகன்தான் வருவான்.

அந்த நேரத்தில்தான் சைனா சாமான் வந்து இறங்கியது. பாடாலூரில் ஹைவே ஓரமாகத் தார்ப்பாயை விரித்து, செட்டு செட்டாகக் கொட்டி வைத்து விற்றார்கள். கடைக்கு வருகிறவர்கள் எல்லாம் "பாடாலூர்ல பாதி வெலங்க" என்று ஆரம்பித்துவிட்டார்கள். எத்தனை நாள்தான் அத்தா பொறுப்பார்? சென்னைக்குப் போய், மொத்தக் கடையில் ஒரு சாக்கு சைனா கட்டிங் பிளேயர் எடுத்து வந்துவிட்டார். நீலக் கைப்பிடியில் மஞ்சள் கோடு போட்டது. விலை நாற்பது ரூபாய். ஸ்டிக்கரில் பச்சைப் பேனாவால் விலை எழுதி ஒட்டுவது என் வேலை. என்னுடைய நாலு, கால் ஒடிந்த நாற்காலி மாதிரி இருக்கிறது என்று கணக்கு டீச்சரே திட்டியிருக்கிறார். ஆனாலும் ஒரு சாக்குக்கும் நான்தான் எழுதி ஒட்டினேன்.

ஒருவரும் வாங்கவில்லை. பாடாலூர் விலை கேட்டு உயிரை எடுத்தவர்கள், பாடாலூர் விலைக்கே கொடுத்தபோது, "சைனாவா? கடையில வந்து சைனா வாங்குறதுக்கு ரோட்டுலயே வாங்கிக்குவோமே" என்றார்கள். என்ன நியாயம் இது?

மாமா ஒரு படி மேலே போனார். அவர் கட்டட காண்ட்ராக்ட் எடுப்பவர், ஊரில் பெரிய மனுஷன். கடை நிறைய ஆட்கள் இருக்கும்போது ஒரு பிளேயரை எடுத்துப் பார்த்தவர், அதை மேஜைமேல் விட்டெறிந்தார்.

"என்ன மாப்ள, குப்பையெல்லாம் வாங்கிப் போட்டுருக்க? சைனாக்காரன் தகரத்துக்குச் சாயம் அடிச்சு அனுப்புறான், நீ அதுக்கு வெல எழுதி ஒட்டி வச்சுருக்கியே!"

எழுதி ஒட்டியது நான். அத்தா சிரித்துக்கொண்டே அதை எடுத்துத் துடைத்து உள்ளே வைத்தார். அவர் சிரித்ததுதான் எனக்குத் தாங்கவில்லை.

அதற்குக் கொஞ்ச நாள் கழித்து, துபாயில் வேலை பார்த்த சாச்சா ஊருக்கு வருகிறார் என்று செய்தி வந்தது. அத்தாவுக்கு ஒரே தம்பி. எங்கள் ஊரில் வெளிநாட்டுக்குச் சம்பாதிக்கப் போன சபராளி திரும்பி வருகிறார் என்றால் வாசலில் நிற்கும் கூட்டம் முதலில் ஆளைப் பார்க்காது, வண்டிமேல் பெட்டியைப் பார்க்கும். எத்தனை பெட்டி, எவ்வளவு பெரியது, கயிறு எப்படிக் கட்டியிருக்கிறது. அன்றைக்கு அந்தி மஃரிபு தொழுகை முடிந்ததும் சொந்தபந்தங்களை உட்காரவைத்து அதைப் பிரிப்பார்கள். யாருக்கு என்ன வந்தது என்று ஆற்றங்கரை வரைக்கும் பேச்சு போகும். ஒரு மனுஷன் பாலைவனத்தில் வெந்து சாகிறானே, எப்படி இருக்கிறாய் என்று கேட்க ஒரு நாதி கிடையாது.

சாச்சா வருவதற்கு முந்தின நாள் கடைக்குப் போனால், அத்தா துணியை மண்ணெண்ணெயில் நனைத்து என் ஸ்டிக்கர்களைத் தேய்த்து எடுத்துக்கொண்டிருந்தார்.

"ஏன் அத்தா பிச்சுப் போடுறீங்க?"

"வெல மாறப் போவுது."

"ஏறுதா, எறங்குதா?"

"ஏறுது புள்ள. நல்லா ஏறுது."

என் உழைப்பெல்லாம் குப்பையில் போயிற்றே என்று எனக்கு ஒரே ஆத்திரம். மறுநாள் அத்தா ஏர்போர்ட்டுக்குப் புறப்பட்டபோது கடை வாசலில் வேனில் அட்டைப் பெட்டிகளை ஏற்றினார்கள். பாடாலூரில் ஒரு ஆர்டர் இருக்கிறது, போகிற வழியில் இறக்க வேண்டும் என்றார் அத்தா. கனம் என்றால் அப்படி ஒரு கனம். நானும் ஒரு முனையைப் பிடித்துத் தூக்கினேன். தூக்கி விட்டவளை வேனில் ஏற்றிக்கொள்ளவில்லை. அந்தக் கோபம் தனி.

அன்று சாயங்காலம் வீடு நிறைய ஆள். சாச்சா சுவரில் சாய்ந்து உட்கார்ந்திருந்தார். மெலிந்து, கறுத்துப் போயிருந்தார். அத்தா கயிற்றை அறுத்தார். பெட்டிக்குள் என்ன இருக்கிறது என்று எங்களைப் போலவே சாச்சாவும் எட்டிப் பார்த்தது எனக்கு வேடிக்கையாக இருந்தது. அத்தர் வாசனை குப்பென்று அடித்தது. பெண்களுக்குச் சோப்பும் சென்ட்டும், பிள்ளைகளுக்கு மிட்டாய், ஆண்களுக்கு ஆளுக்கொரு கட்டிங் பிளேயர். நீலக் கைப்பிடியில் மஞ்சள் கோடு போட்டது.

மாமா அதை வாங்கி விளக்குக்கு நேரே பிடித்தார். திறந்தார், மூடினார், காதுக்குப் பக்கத்தில் வைத்துச் சத்தம்கூடக் கேட்டார்.

"மாஷா அல்லா! இதுல்ல சாமான்! துபாய்ல கண்ணுல வெளக்கெண்ண ஊத்திக்கிட்டுப் பாத்துதான் உள்ள வுடுவான். கையில புடிச்சாலே சொல்லுதே!" அதோடு விட்டாரா? அத்தா பக்கம் திரும்பினார். "பாத்துக்க மாப்ள. தம்பிக்குத் தெரியுது, கட வச்சுருக்க ஒனக்குத் தெரியல."

பக்கத்தில் இருந்த இன்னொரு பிளேயரை எடுத்து மூக்கருகே கொண்டுபோனேன். அத்தருக்கு அடியில் மண்ணெண்ணெய் வாசனை. கைப்பிடியின் உள்பக்கம் துளியூண்டு ஸ்டிக்கர் ஒட்டியிருந்தது. அதில் பச்சை மையில் ஒடிந்த நாற்காலிக் கால்.

"இது எங்க..." என்று வாயைத் திறந்தேன். அம்மா தொடையில் கிள்ளிய கிள்ளு இன்னும் நினைவிருக்கிறது. "எங்க வூட்டுக்கும் ஒண்ணு வேணுமாம்" என்று அம்மாவே மிச்சத்தைச் சொல்லிச் சிரித்தார். சபையே சிரித்தது. "ஒங்க மவளுக்கு ஆசையப் பாரு" என்றாள் ஒருத்தி. நானா ஆசைப்பட்டேன்? நியாயம் பேச வாயெடுத்தவளுக்கு அந்தச் சபையில் கிடைத்த பெயர் பேராசைக்காரி. சாச்சா மட்டும் சிரிக்கவில்லை. தன் மடியில் இருந்ததை எடுத்து என்னிடம் நீட்டினார். நான் வாங்கவில்லை. அடுப்படிக்கு இழுத்துப் போய் அம்மா, "இதப் பத்தி மூச்சு வுட்ட, தோல உரிச்சுடுவேன்" என்றார்.

எனக்கு எல்லாம் புரிந்துவிட்டது. சாச்சா எப்படியோ கடைச் சாக்கிலிருந்து திருடியிருக்கிறார், கொழுந்தன் என்பதால் அம்மா மறைக்கிறார், பாவம் அத்தாவுக்கு ஒன்றுமே தெரியவில்லை! என்ன அக்கிரமம்!

நாலைந்து நாள் கழித்து மாமா கடைக்கு வந்தார். சாச்சாவும் அங்கே இருந்தார். லீவில் வந்தவர் ஏனோ தினமும் கடைக்கு வந்து ஓரமாக ஸ்டூலில் உட்கார்ந்திருந்தார். மாமா தன் துபாய் பிளேயரை மேஜைமேல் வைத்தார். இந்த முறை எறியவில்லை, பூ வைப்பது போல வைத்தார்.

"மாப்ள, நம்ம ஆளுங்களுக்கு இதே மாதிரி ரெண்டு டஜன் வேணும். வெல எவ்ளோ ஆனாலும் சரி."

"அது இங்க வராது மச்சான்" என்றார் அத்தா.

மேஜைக்கு அடியில் சாக்கில் மிச்சம் கிடக்கிறது. நான் குனிந்து ஒன்றை எடுத்து மாமாவின் பிளேயருக்குப் பக்கத்தில் டொக்கென்று வைத்தேன். "இந்தாங்க மாமா. அதேதான். நாப்பது ரூபா."

சாச்சா ஸ்டூலை விட்டு எழுந்துவிட்டார். மாமா ஒரு கையில் அதையும் ஒரு கையில் இதையும் வைத்து எடை பார்த்தார். கண்ணை மூடிக்கொண்டு பார்த்தார். சாக்குப் பிளேயரைத் தள்ளி வைத்தார்.

"இது டூப்ளிகேட்டு. எட கம்மி. கலரே வேற. யாருகிட்ட காட்டுறீங்க? நாப்பது ரூபாய்க்கு துபாய் சாமான் குடுக்க ஒங்கத்தா என்ன தருமத்துக்கா கட வச்சுருக்காரு?"

சொல்லுங்கள் அத்தா, என்று நான் அவரையே பார்த்தேன். அத்தா ஒருமுறை தம்பியைப் பார்த்தார். சாக்குப் பிளேயரை எடுத்து உள்ளே போட்டார். "ஆமா மச்சான், டூப்ளிகேட்டுதான். சின்னப் புள்ள, வெவரம் தெரியாம எடுத்து வச்சுருச்சு."

அத்தனை வருஷம் ஒரு துருப்பிடித்த ஆணியைக்கூட நல்லது என்று சொல்லி விற்காத மனுஷர். தன் கடைச் சாமானைத் தன் வாயாலேயே போலி என்றார். கடையில் நின்ற நாலு பேரும் கேட்டார்கள். அந்தச் சாக்கை அதற்கப்புறம் யாருக்கு விற்க முடியும்? பழைய இரும்புக்காரருக்குத்தான் போட்டார்.

என் கல்யாணத்துக்குப் பிறகுதான் அம்மா சொன்னார். சாச்சாவின் கம்பெனி படுத்துப்போய், சம்பளமே கொடுக்காமல் ஆட்களைக் கைப்பையோடு விமானம் ஏற்றிவிட்டதாம். பெட்டி இல்லாமல் ஊருக்குள் கால் வைக்க மாட்டேன், இறங்கி எங்கேயாவது கண்காணாமல் போய்விடுகிறேன் என்று போனில் அழுதாராம். நான் முனை பிடித்துத் தூக்கிய பெட்டி பாடாலூரில் இறங்கவே இல்லை. ஏர்போர்ட் வரைக்கும் போய், துபாய்ப் பெட்டியாகி, சாச்சாவோடு வீட்டுக்குத் திரும்பி வந்தது. நன்றாக இருக்கிறது ஊர்! உயிரோடு வந்தவனுக்கு உள்ளே வர ஒரு அட்டைப் பெட்டி சிபாரிசு செய்ய வேண்டியிருக்கிறது. அடுத்த வருஷம் சாச்சா வேறு விசாவில் போனார், நிஜப் பெட்டியோடும் வந்தார். ஆனாலும் எனக்கு ஆறவில்லை. மாமா இருந்தவரை அந்தப் பிளேயரைப் பீரோவில் வைத்து, வந்தவர்களுக்கெல்லாம் எடுத்துக் காட்டிக்கொண்டிருந்தார்.

மாமா டூப்ளிகேட் என்ற அன்று சாயங்காலம் பஸ்ஸில் நான் அத்தாவோடு பேசவில்லை. ஊர் நெருங்கும்போதுதான் அடக்க முடியாமல் கேட்டேன்.

"நம்ம சாமானப் போய் ஏன் டூப்ளிகேட்டுன்னு சொன்னீங்க?"

"சாமானத்தானே புள்ள சொன்னேன். சாமானுக்கு வலிக்குமா? ஆளச் சொன்னாத்தான் வலிக்கும்."

எந்த ஆளை என்று நான் கேட்கவில்லை. எங்களுக்கு முன் சீட்டில், ஜன்னல் கம்பியில் தலையைச் சாய்த்து, சாச்சா தூங்குவது போல உட்கார்ந்திருந்தார். மாமாவைத்தான் சொல்கிறார், இவ்வளவுக்கும் பிறகும் அந்த மாமாவுக்கு வலிக்கக் கூடாதாம் இவருக்கு என்று அப்போது நினைத்து, முகத்தை மறுபக்கம் திருப்பிக்கொண்டேன்.