ரோஜாப்பூ மேடம்

தலையணைக்கடைக்காரருக்கு இரண்டு காது. ஒன்று ஊருக்கு, இன்னொன்று போனுக்கு. மனைவிக்கென்று மூன்றாவதை ஆண்டவன் வைக்கவில்லை.

பத்து வருடம் அளவாகப் பஞ்சு அடைத்து ஒழுங்காகத்தான் விற்றுக்கொண்டிருந்தார். கடை பேரில் பேஸ்புக்கில் படம் போட ஆரம்பித்ததும் பிடித்தது சனி. குண்டுத் தலையணைக்கு எண்ணூறு லைக். இன்னும் இரண்டு பிடி அடைத்தார்; ஆயிரத்து இருநூறு. தலையணை ஊத ஊத மனிதரும் ஊதினார். லைக் போட்ட ஒருத்தரும் கடைப்பக்கம் எட்டிப் பார்க்கவில்லை. வாங்கினவர்களோ கழுத்தைப் பிடித்துக்கொண்டு வந்தார்கள். அவர்களுக்குப் பதில் சொல்லி மாளாதது, கடை உள்ளறையில் உறை தைக்கும் மனைவிக்குத்தான்.

"பஞ்சக் கொறைங்க. இது தல வைக்கவா, ஏறி உக்காரவா?"

"ஒனக்கென்ன தெரியும் மார்க்கெட்டப் பத்தி? ஆயிரத்து எரநூறு பேருக்கும் கண்ணு அவிஞ்சா போச்சு?"

"கண்ணுக்கு ஒண்ணுமில்ல. வலிக்கிறது கழுத்து."

வருடா வருடம் அறுபது தலையணை எடுக்கும் விடுதிக்கார அம்மா, மாதிரிக்கு வாங்கிப்போனதை மறுநாளே கொண்டுவந்து மேஜையில் போட்டார். "திங்கக்கெழமைக்குள்ள பழைய அளவுல காட்டுங்க. இல்லன்னா வேற கட பாத்துக்கறேன்."

கடை நிற்பதே அந்த அறுபதில்தான். அப்போதும் மனிதர் அசையவில்லை. "அந்தம்மாவுக்கு ட்ரெண்டு தெரியல" என்றார்.

அன்று சாயங்காலம் குண்டுத் தலையணைப் படத்துக்குக் கீழே, ரோஜாப்பூவை முகப்படமாக வைத்த ஒருத்தி எழுதினாள்: 'பார்க்க அழகு. படுத்தால் கழுத்து போச்சு. பஞ்சைக் குறைக்கவும்.'

எழுந்து நின்று படித்தார். 'மதிப்பிற்குரிய மேடம், உங்கள் கருத்து எங்களுக்குப் பொன்' என்று பதில் போட்டார். விடிந்ததும் உறைகளைப் பிரித்துப் பஞ்சைப் பிடுங்கினார். மனைவி மறுபடி தைத்துக் கொடுத்தாள். "கஸ்டமர் மனசப் படிக்கத் தெரியணும்டி" என்று அவளுக்குப் பாடம் வேறு.

திங்கட்கிழமை விடுதிக்கார அம்மா தலையணையில் கன்னத்தை வைத்துப் பார்த்துவிட்டு அறுபதையும் எடுத்துக்கொண்டார்.

கடையைக் காப்பாற்றின மேடத்துக்கு மரியாதை செய்ய வேண்டாமா? 'ஒரு தலையணை இலவசம். முகவரி தரவும்' என்று அனுப்பினார். உள்ளறையில் தையல் மிஷின் சத்தம் நின்றது. சற்று நேரத்தில் முகவரி வந்தது. தெரு அவருடைய தெரு. கதவு எண் அவர் தினமும் பூட்டித் திறக்கும் வீட்டுக் கதவினுடையது.

மெல்லத் தலையைத் தூக்கினார். மிஷின் மறுபடி ஓட ஆரம்பித்திருந்தது.

"கூரியர்லாம் வேணாங்க" என்றாள் மனைவி, நூலைப் பல்லால் கடித்துக்கொண்டே. "வீட்டுக்கு வர்றப்ப நீங்களே தூக்கிட்டு வந்துடுங்க."