ஆதிமூலத்தின் காற்று

என் அக்காள் புருஷன் ஆதிமூலத்தைப் பற்றி ஊரில் ஆளுக்கொரு கதை சொல்கிறார்கள். பாதி புளுகு. பக்கத்திலேயே இருந்து பார்த்தவள் நான், சொன்னால் நான்தான் சொல்ல வேண்டும். எனக்கு வாய் கொஞ்சம் நீளம், பொறுத்துக்கொள்ளுங்கள்.

பிரெஞ்சுக்காரன் காலத்தில் புதுச்சேரியில் காற்றைக் கூப்பிடுகிற படை ஒன்று இருந்தது. பிரெஞ்சில் அதற்கு என்னவோ ஒரு பெயர். நம் ஜனங்கள் வாயில் அது 'கோர்துவான்' ஆகிவிட்டது. நம் கடலில் கப்பல் கரைக்கு வராது, தூரத்திலேயே நின்றுவிடும். சரக்கைப் படகில் ஏற்றி அலையைத் தாண்டிக் கொண்டுவர வேண்டும். அந்தப் படகுகளைப் பின்னாலிருந்து தள்ளுவது கோர்துவான்காரர்களின் காற்று. வெள்ளைச் சட்டை, சிவப்புத் தொப்பி. கடற்கரைச் சாலையில் அவர்கள் நடந்தால் துரைமார்கூட ஒதுங்கி வழிவிடுவார்கள். நூறு பேர் போய் நின்றால் ஒருவனைப் பொறுக்கி எடுப்பார்கள். எங்கள் குருசுக்குப்பத்திலிருந்து எடுபட்டவர் எங்கள் மாமா ஒருவர்தான். என் அப்பா அந்த மாப்பிள்ளையை வைத்துக்கொண்டு அடித்த ஜம்பம் தாங்காது.

ஒவ்வொருவருக்கும் ஒரே ஒரு காற்று. வீட்டில் வளர்த்த மாடு மாதிரி அவனவன் குரலுக்குத்தான் வரும். அதை அனுப்பும்போது சொல்லும் வார்த்தையில் மந்திரமும் இல்லை, மண்ணாங்கட்டியும் இல்லை. வெளியே கிளம்புகிறவரிடம் நாம் எல்லோரும் சொல்வதுதான்: "போயிட்டு வா." வெறுமனே "போ" என்றால் காற்று போய்விடும், திரும்பாது. அதனால் மாமா வீட்டில் யாரும் "போறேன்" என்று சொல்லக் கூடாது. ஒருநாள் பூக்கூடையைத் தூக்கிக்கொண்டு, "நான் போறேன்க்கா" என்று வாய்தவறிச் சொல்லிவிட்டேன். மனுஷர் தெருமுனை வரைக்கும் ஓடிவந்து என்னை நிறுத்தினார்.

"வரேன்னு ஒரு வார்த்த சொல்லு ஜெயம்."

"வரேன் மாமா. நாளைக்கும் வந்து உங்க உசுர வாங்கறேன், போதுமா?"

அதற்கும் சிரித்தார். அவ்வளவு சாது.

என் அக்கா அமிர்தவல்லிக்குச் சின்ன வயதிலிருந்தே இழுப்பு. அது வந்துவிட்டால் சுவரில் சாய்ந்து மூச்சுக்குத் திணறிக்கொண்டு கிடப்பாள். மாமா வேலை முடிந்து வந்து ஜன்னலைத் திறந்து, தன் காற்றை மெதுவாகக் கூப்பிடுவார். உப்பு வாசனையோடு அது உள்ளே வந்து அவள் நெஞ்சில் இறங்கும். கொஞ்ச நேரத்தில் எழுந்து உட்கார்ந்து, "காபி போடட்டுமா?" என்பாள். எந்த டாக்டர் மருந்தும் அதைச் செய்ததில்லை. அந்தக் காற்றுதான் என் அக்காவின் உயிர். அது அவளுக்கும் தெரியும், எனக்கும் தெரியும்.

ஐம்பத்து நாலில் வெள்ளைக்காரன் கொடியை இறக்கினான். ஊரே கூத்தாடியது, நானும்தான் ஆடினேன். படையைக் கலைத்தார்கள். கப்பல் ஏறுமுன் கொமாந்தான், அதாவது படைத் தலைவன், ஓர் உத்தரவு போட்டான்: காற்றுகளை எல்லாம் அவிழ்த்துவிட்டுவிட வேண்டும். பாவி, தமிழ் தெரிந்தவன். "போ மட்டும். வா கூடாது" என்று தமிழிலேயே சொன்னான்.

நம் ஆட்கள் மட்டும் என்ன சும்மாவா? வாய்விட்டுப் "போ", வாய்க்குள்ளே "வா" என்று தங்களுக்குள் பேசிவைத்துக்கொண்டார்கள். கடற்கரையில் வரிசையாக நின்றார்கள். கூட்டத்தில் நானும் அக்காவும் நின்றோம். முதலில் மாமாவின் சிநேகிதர் ராஜாங்கம் சொன்னார். அவர் உதடு லேசாக இரண்டாம் தடவை அசைந்ததை நான் பார்த்தேன். அடுத்து மாமா. "போ" என்றார். இத்தனை வருஷம் கூட இருந்ததைப் பார்த்து அந்த வார்த்தையைச் சொன்னதே அவருக்குத் தாங்கவில்லை, குழந்தை மாதிரி விக்கினார். "வா" வெளியே வந்தபோது காற்று எங்கேயோ போய்விட்டது. மற்றவர்களின் காற்றெல்லாம் அன்று சாயங்காலமே திரும்பிவந்து அவரவர் கொல்லையில் வாழை இலையை ஆட்டிக்கொண்டிருந்தன.

எனக்கு வந்த ஆத்திரத்துக்கு அளவில்லை. "ஊர்ல இருக்கறவன்லாம் ஒழுங்கா சொல்லிட்டான், உங்களுக்கு மட்டும் இன்னா அழுக?" என்று கத்தினேன்.

அக்காதான் என்னை அடக்கினாள். "உடு ஜெயம். சிரிச்சிக்கினே அனுப்பறதுக்கு அது இன்னா கடன்காரனா?"

அதற்குப் பிறகு மாமா பஞ்சாலைக்கு வேலைக்குப் போனார். ராஜாங்கம் நல்ல மனுஷர், தன் காற்றை இரண்டு மூன்று தடவை கொண்டுவந்து பார்த்தார். அது திரைச்சீலையை ஆட்டியதே தவிர அக்காவின் மூச்சுக்குள் போகவில்லை. ஆலை விட்டதும் மாமா நேரே கடற்கரைக்குப் போய், தண்ணீரைப் பார்த்து "வா, வா" என்று கூப்பிட்டுக்கொண்டு நிற்பார். "கோர்துவான் மாட்ட தொலச்சிட்டு தேடுது" என்று கிண்டல் செய்தவனை நான் செருப்பைக் கழற்றிக்கொண்டு துரத்தியிருக்கிறேன். வீட்டுக்கு வந்து பனையோலை விசிறியை எடுத்து அக்காவுக்கு வீசுவார். காற்றைக் கட்டி மேய்த்த கையில் ஓலை விசிறி.

அறுபத்திரண்டு ஆகஸ்டில் ஒப்பந்தம் முடிந்து, புதுச்சேரி சட்டப்படியே இந்தியாவோடு சேர்ந்துவிட்டது என்று தெருவில் மேளம் அடித்துக்கொண்டு போனார்கள். அன்று ஒரு இலை அசையவில்லை, அப்படி ஒரு புழுக்கம். மத்தியானம் அக்காவுக்கு உதடு நீலம் பாய்ந்துவிட்டது. மாமா ஒரு கையால் வீசிக்கொண்டு, இன்னொரு கையால் அவள் தலையைத் தாங்கிக்கொண்டிருந்தார். அவள் கண்ணைத் திறந்து அவரைப் பார்த்தாள். கிளம்புகிறாள் என்று அவருக்குப் புரிந்துவிட்டது.

"சொல்லு அமிர்தம்," என்றார். "முழுசா சொல்லும்மா."

"போயிட்டு..." என்றாள் அக்கா.

அடுத்த வார்த்தைக்கு அவளிடம் மூச்சு இல்லை. மாமா அவள் வாயருகே காதை வைத்துக்கொண்டு வெகுநேரம் காத்திருந்தார். விசிறுவதை நிறுத்தவில்லை. நான்தான் அவர் விரலைப் பிரித்து விசிறியை வாங்கினேன்.

சாவு வீட்டிலிருந்து கிளம்பும்போது யாரும் "வரேன்" என்று சொல்லக் கூடாது, சொன்னால் இன்னொரு சாவுக்கு வருவதாக ஆகிவிடும். பால் தெளித்து முடிந்ததும் உறவுக்காரர்கள் ஒவ்வொருவராகத் தலையைக் குனிந்துகொண்டு வாசலைத் தாண்டினார்கள். ராஜாங்கமும் அப்படியேதான் போனார். கடைசியில் நானும் பேசாமல் எழுந்தேன். வாசல்படியில் கால் வைக்கும்போது பின்னாலிருந்து மாமா கூப்பிட்டார்.

"வரேன்னு ஒரு வார்த்த சொல்லு ஜெயம்."

தெருவில் நின்ற பொம்பளைகள் எல்லாம் என் வாயையே பார்த்தார்கள்.

"வரேன் மாமா," என்றேன். "நாளைக்கும் வரேன்."