என் வாசலில் சுரங்க பூட்ஸ்

இலங்கையில் டாக்டராக இருந்தேன். ஆஸ்பத்திரியில் பார்த்ததை வெளியில் சொன்னேன். அதன் பிறகு ஊரில் இருக்க முடியாமல் போனது. இப்போது நெய்வேலி டவுன்ஷிப்பில், தூரத்துச் சொந்தக்காரரின் குவார்ட்டர்ஸில் பின்னறை. இங்கே வைத்தியம் பார்க்க எனக்கு அனுமதி இல்லை. வாரம் ஒருநாள் மத்தியானம் ஒரு யூடியூப் சேனலில் நேரலையாக அரசியல் பேசுகிறேன். வாய் மட்டும்தான் மிச்சம்.

அம்மாவுக்கு நான் போன் செய்ய முடியாது. செய்தால் மறுநாளே அவள் வீட்டுக்கு விசாரிக்க வந்துவிடுவார்கள். நான் நன்றாக இருக்கிறேன் என்று அவள் கண்ணால் பார்த்துத் தெரிந்துகொள்ள அந்த நேரலை ஒன்றுதான் வழி. அதனால் நடுவில் இரைச்சல் வந்தால் எனக்குக் கோபம் பொத்துக்கொண்டு வரும்.

எங்கள் பிளாக்கில் ஒரு வழக்கம் உண்டு. சுரங்கத்தில் நைட் ஷிப்ட் முடித்தவரின் பூட்ஸ் வாசலில் கிடந்தால், ஆள் தூங்குகிறார் என்று அர்த்தம். கீரைக்காரர்கூடக் கூவாமல் போவார். பக்கத்து வீட்டு அக்கா, நான் பேசும் நேரத்தில் தன் வீட்டுக்காரரின் பழைய பூட்ஸை என் வாசலில் கொண்டுவந்து வைப்பார். "டாக்டருக்கு ஷிப்டுடா, அப்பால போய் ஆடுங்க" என்று பிள்ளைகளை விரட்டுவார்.

போன மாதம் ஒருநாள் பூட்ஸ் இருந்தது, பிளாக்கே அடங்கிக் கிடந்தது. நான் ஆவேசமாகப் பேசிக்கொண்டிருந்தபோது அக்கா வீட்டுக் குக்கரே விசிலடித்தது, அடுத்தடுத்து. நெறியாளர் சிரித்தேவிட்டார். எனக்கு மானம் போயிற்று.

"மறந்தே பூட்டேங்க டாக்டரு. அவரு செகண்ட் ஷிப்டு போவணுமேன்னு அவசரத்துல வச்சிட்டேன்" என்று வந்து நின்றார் அக்கா. கையில் எனக்கென்று ஒரு கிண்ணம் பலாக்கொட்டைக் குழம்பு. முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டே வாங்கினேன்.

சாயங்காலம் கனடாவிலிருந்து தங்கை கூப்பிட்டாள். அவளால் அம்மாவோடு பேச முடியும்.

"அண்ணா, நீங்கள் கதைச்ச அரசியல் ஒண்டும் அம்மாவுக்கு நினைவில்லை. 'குக்கர் சத்தம் கேட்டுது, பக்கத்தில ஆரோ சமைக்கினம், பிள்ளை தனிய இல்லை' எண்டு திருப்பித் திருப்பிச் சொல்றா."

அழுதுவிட்டேன். பிறகு கிண்ணத்தைக் கழுவி எடுத்துக்கொண்டு அக்கா வீட்டுக்குப் போனேன்.

"அக்கா, வாற கிழமையும் குக்கர் வையுங்கோ."

"இன்னும் கோவமாங்க டாக்டரு?"

விஷயத்தைச் சொன்னேன். முந்தானையால் கண்ணைத் துடைத்துக்கொண்டார்.

இந்த ஊருக்கு நான் பட்டிருக்கும் நன்றிக்கடனை எந்தச் சேனலிலும் சொல்லி முடிக்க முடியாது. இப்போதும் வாரந்தோறும் பூட்ஸ் என் வாசலுக்கு வருகிறது, பிளாக் அடங்குகிறது. நான் பேச ஆரம்பித்ததும் அக்கா குக்கரை அடுப்பில் ஏற்றுகிறார்.