தட்சுனோ சொல்லாமல் விட்ட வசனம்

சக்காய் துறைமுகத்தில் மீன் ஏலம் கூவிப் பழகிய குரல் தட்சுனோவுடையது. அந்தக் குரலை நம்பித்தான் திரையரங்குக்குக் கதைசொல்லியாக வந்தாள். ஊமைப் படம் ஓடும்போது திரையோரம் நின்று சாமுராய்க்கும் அவளே பேசுவாள், மாமியாருக்கும் அவளே பேசுவாள். வாசல் தட்டியில் நடிகர்களைவிட அவள் பெயர்தான் பெரிது. ஒசாகாவில் படமே பேசுகிறதாம் என்று யாராவது சொன்னால், "பேசட்டுமே, என்னை மாதிரி திட்டத் தெரியுமா அதுக்கு?" என்பாள்.

அந்த வாரம் போலீஸ் படம். கடமை தவறாத இளம் காவலர் கொள்ளைக்காரனைத் தேடிப் பிடிக்கிறார். பார்த்தால், கூடப் படித்த நண்பன். அவனைக் கயிற்றால் கட்டும் இடத்தில், காவல் நிலையம் முத்திரை குத்திக் கொடுத்த வசனத்தாளில் இல்லாத ஒன்றைத் தட்சுனோ சேர்த்துவிட்டாள்: "கட்டறது உன் கையைத்தான்டா, நடுங்கறது என் கை."

அரங்கம் விம்மியது. பின்னால் போலீஸ்காரருக்கென்று போட்ட உயரமான இருக்கையிலிருந்து குரல் வந்தது: "கதைசொல்லி, எச்சரிக்கை!"

கூவியவர் கண்காணிப்புக்கு வந்திருந்த காவலர் குரோயிவா. இது இரண்டாவது எச்சரிக்கை. இன்னொன்று விழுந்தால் கதை சொல்லும் உரிமம் போய்விடும்.

"போலீஸ்காரன் கை நடுங்காதும்மா" என்றார் இடைவேளையில்.

"உங்க கை நடுங்காதுங்க. திரையில அந்தாளு கையைப் பாருங்க."

"தாள்ல இல்லியே!"

மறுநாள் மதியக் காட்சிக்குத் துறைமுகமே திரண்டு வந்தது. திரையரங்கு முதலாளி ஒகுரா கைகூப்பினார். "தாயே, இன்னிக்காவது வாயை அடக்கு."

"சரி, அடக்கறேன்" என்றாள். அவளாவது அடக்குவதாவது என்று நினைத்துக்கொண்டார் அவர்.

கயிற்றால் கட்டும் இடம் வந்தது. "அக்கா, நேத்து சொன்னதைச் சொல்லு!" என்று ஒரு மூட்டைதூக்கி கத்தினான். "பின்னால மாமனார் உக்காந்திருக்காருடா, அக்காவுக்கு வெக்கம்!" என்றான் இன்னொருவன். தட்சுனோ விசிறியை உயர்த்தினாள். படத்துக்கு வாசித்துக்கொண்டிருந்த வாத்தியம் நின்றது. அவள் வாயே திறக்கவில்லை.

இருட்டில் யாரோ ஒரு பெண் மெல்லச் சொன்னாள்: "கட்டறது உன் கையைத்தான்டா..." மிச்சத்தை அரங்கமே சொல்லி முடித்தது.

குரோயிவா எழுந்தார். யாரை எச்சரிப்பது? இத்தனை பேரில் உரிமம் வைத்திருப்பவள் ஒருத்திதான், அவளோ பேசவில்லை. கொஞ்ச நேரம் நின்றுவிட்டு உட்கார்ந்தார்.

காட்சி முடிந்ததும் தட்சுனோவிடம் வந்தார்.

"நான் ஒண்ணும் சொல்லலீங்களே" என்றாள்.

"அதான் பார்த்தேனே." தொப்பியைச் சரிசெய்துகொண்டார். "நாளைக்கு என் வீட்டுக்காரி வர்றா. ஜனங்க மறுபடியும் சொல்லுவாங்கல்ல?"

"நீங்க எழுந்து நின்னு பயமுறுத்தாம இருந்தா, இன்னும் நல்லாவே சொல்லுவாங்க."