விளக்குப் பள்ளத்தில் இருபத்திரண்டு நிமிடம்

துறைமுகத்தில் அவளைச் சுரண்டி என்றுதான் கூப்பிடுவார்கள். கப்பல்களின் அடியில் ஒட்டிக்கொள்ளும் சிப்பிகளைத் தண்ணீருக்குள் போய்ச் சுரண்டி எடுப்பது அவள் வேலை. கிண்டலாக வைத்த பெயர்தான். பிறகு மேலாளரே ஒலிபெருக்கியில் அப்படி அழைக்கத் தொடங்கிவிட்டார்.

அந்த வேலையில் முதலில் இருந்தது அவள் அண்ணன். அவனுக்கு இருபத்தெட்டு வயதும் அவளுக்கு இருபதும் இருக்கும்போது அது நடந்தது.

துறைமுகத்திலிருந்து படகில் அரை மணி நேரம் போனால் கடலடியில் ஒரு பள்ளம் இருக்கிறது. விளக்குப் பள்ளம் என்பார்கள். பகலிலும் இளம்பச்சையாக ஒளிரும். அழகுதான், ஆனால் யாரும் உள்ளே போகமாட்டார்கள். உள்ளே ஒரு நிமிடம் கழிந்தால் வெளியே ஒரு வருஷம் ஓடிவிடும். வழிதவறி நுழைந்த மீன்கள் ஆணி அடித்த மாதிரி அப்படியே நிற்கும். கப்பல்கள் அங்கே நங்கூரம் போடாமலிருக்க விளிம்பைச் சுற்றி மிதவை கட்டப் போனான் அண்ணன். எங்கிருந்தோ மிதந்து வந்த கிழிந்த வலை ஒன்று அவன் காலைச் சுற்றி, நீரோட்டத்தோடு அவனை உள்ளே இழுத்துப் போய் ஒரு பாறையில் மாட்டிவிட்டது. இடுப்புக் கத்தியும் நழுவிப் போயிற்று.

உடன் போனவர்கள் பார்த்துக்கொண்டே இருந்தார்கள். அறுபது மீட்டர் தூரத்தில், வாயைச் சுற்றிக் காற்றுக் குமிழிகள் அசையாமல் தொங்க, பயந்த முகத்தோடு அவன் நின்றான். அவன் முதுகில் நாற்பது நிமிடத்துக்குக் காற்று இருந்தது. அதாவது வெளியே நாற்பது வருஷத்துக்கு.

அலுவலகத்துக்குத்தான் குழப்பம். இறந்தவர் என்று எழுத முடியாது, காணாமல் போனவர் என்றும் எழுத முடியாது, கண்ணெதிரே இருக்கிறானே. யோசித்து யோசித்து, கடைசியில் ‘பணியில்’ என்று எழுதி வைத்தார்கள்.

ஒரு கயிறு வீசிப் பார்த்தார்கள். அது அவனைத் தாண்டிப் போகிறது என்று தெரியவே இரண்டு வருஷம் ஆனது. அதற்குள் தங்கை நீர்மூழ்கப் படித்து அவன் வேலையில் சேர்ந்திருந்தாள். ஞாயிறுதோறும் படகில் போய், விளிம்புக்கு இப்பால் இருபது நிமிடம் நின்று அவனைப் பார்த்துவிட்டு வருவாள். வீட்டில் அம்மா வாசலிலேயே நின்றிருப்பாள்.

“எப்படி இருக்கான்?”

“அப்படியேதாம்மா. சாப்பிடக்கூட மறந்துட்டான்.”

அம்மா சிரிப்பாள். சிரித்துவிட்டு உள்ளே போய்விடுவாள்.

ஆறாவது வருஷம் தங்கை பொறுமை இழந்தாள். படகுக்காரனிடம், “நானே உள்ள போய் அறுத்து விட்டுட்டு வந்துடறேன்,” என்றாள். இத்தனை வருஷமாக அவளை ஏற்றிக்கொண்டு வந்து, மேலே அவள் கயிற்றைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறவன் அவன்தான்.

“போயேன். அப்புறம் ரெண்டு பேரையும் பாத்துக்கிட்டு நான் இங்கயே உக்காந்திருக்கணும். எனக்குத் தலை நரைச்சுடும். உங்க அம்மாவை யார் பாத்துப்பா?”

 அவள் போகவில்லை.

அதற்குப் பதில் ஒரு கத்தியில் தக்கையைக் கட்டித் தொட்டித் தண்ணீரில் போட்டுப் பார்த்தாள். மூழ்கவும் கூடாது, மேலே வரவும் கூடாது. ஒரு வாரம் தக்கையைச் செதுக்கிச் செதுக்கிப் பதம் பார்த்தாள். இப்படி ஏழு கத்திகள். ஏழையும் விளிம்பில் ஏழு இடத்திலிருந்து நீரோட்டத்தில் விட்டாள். நத்தையாவது நகருவது தெரியும். கத்திகள் நகர்ந்தது தெரியவே மாதங்கள் ஆயின.

இடையில் அவளுக்கும் படகுக்காரனுக்கும் கல்யாணம் ஆனது. ஒன்பதாவது வருஷம் அம்மா இறந்துபோனாள். அந்த வாரமும் தங்கை ஞாயிற்றுக்கிழமை போனாள். அண்ணன் முகத்தைப் பார்த்து நின்றவள், விஷயத்தைச் சொல்ல வழியில்லாமல் திரும்பி வந்தாள்.

பன்னிரண்டாவது வருஷம் ஐந்தாவது கத்தி அவன் தோளருகே போய்ச் சேர்ந்தது. அவன் தலை அதன் பக்கம் திரும்ப ஒரு வாரம். அவன் முகத்திலிருந்து பயம் போக இன்னும் இரண்டு வாரம். அந்த மூன்று ஞாயிறும் படகில் ஏறியதும் முகமூடியைக் கழற்றாமலே அழுதாள். “கண்ணாடிக்குள்ள தண்ணி போயிடுச்சா?” என்று கேட்டுவிட்டுக் கணவன் வேறு பக்கம் பார்த்துக்கொண்டான்.

வலையை அறுக்க அவனுக்கு ஆறு நிமிடம். நீந்தி வர நான்கு.

அவன் விளிம்பைத் தாண்டிய அன்று அவளுக்கு வயது நாற்பத்திரண்டு. வாரக்கணக்கு போட்டு, விடுப்பு எடுத்து, ஒன்பது நாளாகத் தினமும் வந்து காத்திருந்தார்கள். திடீரென்று அவன் எல்லாரையும் போல வேகமாகக் கையசைத்து நீந்தி வந்தான். கையைப் பிடித்து மேலே கொண்டுவந்தாள். படகில் ஏறி முகமூடியைக் கழற்றியவன் அவளை உற்றுப் பார்த்தான்.

“அம்மா, நீ எதுக்கு இங்க வந்தே?”

“அம்மா இல்லண்ணே. நான்தான்.”

குரலை வைத்துக் கண்டுபிடித்தான். “குட்டியா?” என்றான். பள்ளத்தின் கதை தெரிந்தவன்தானே, அதற்கு மேல் விளக்கத் தேவைப்படவில்லை. “எத்தனை?” என்று மட்டும் கேட்டான்.

“இருபத்திரண்டு.”

முதுகிலிருந்த காற்றுக் கலத்தைக் கழற்றிக்கொண்டே சொன்னான்: “வெளிய ஏதோ ஒண்ணு மின்மினி மாதிரி விட்டு விட்டு வந்துக்கிட்டே இருந்துச்சு. என்னன்னு புரியல.”

“நான்தான். ஞாயித்துக்கிழமை லீவு.”

பின்னால் நரைத்த தலையோடு நின்ற படகுக்காரன் தயங்கி, “வாங்க மச்சான்,” என்றான். தன்னைவிடப் பதினைந்து வயது மூத்தவரை மாப்பிள்ளை என்று கூப்பிட வேண்டியிருப்பதை நினைத்து அண்ணனுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. அம்மாவைப் பற்றி அவன் கேட்டது கரைக்கு வந்த பிறகுதான்.

அவன் கணக்கில் அன்று காலையில்தான் அம்மா அவன் தலையில் குட்டி, ஈரத் துண்டைக் கட்டில்மேல் போடாதே என்று திட்டியிருந்தாள். தங்கை அழுது ஓய்ந்து பதிமூன்று வருஷம் ஆகியிருந்தது. ஆனாலும் அவனை அந்த அழுகையில் தனியாக விட அவளுக்கு மனம் வரவில்லை. ஒரு மாதம் வேலைக்குப் போகாமல் அவனோடு உட்கார்ந்தாள். அம்மாவின் கடைசி நாட்களை ஒவ்வொன்றாகச் சொன்னாள். சொல்லச் சொல்ல அவளுக்கே மறந்துபோனதெல்லாம் திரும்பி வந்தது.

நான்கு மாதம் கழித்து அவன் வேலைக்குத் திரும்பினான். இப்போது பதிவேட்டில் அவள்தான் மூத்த ஆள். அவன் அவளுக்குக் கீழே கையெழுத்துப் போட வேண்டும். ஒரே கப்பலின் அடியில் இருவரும் ஆளுக்கொரு பக்கமாகச் சுரண்டுகிறார்கள். அவன் சீக்கிரம் முடித்துவிடுகிறான், அவள் சுத்தமாக முடிக்கிறாள். ஞாயிற்றுக்கிழமைகளில் அவள் மதியம்வரை தூங்குகிறாள். யாரும் எழுப்புவதில்லை.